கிரேனிலிருந்து ஒரு காய்

புருஷனோடு பேசும் போன் சாட்டுக்குள் லூடோ விளையாட்டைச் சேர்த்தது அவள்தான். அவர் கிரேன் ஓட்டுகிறவர். பகலில் போன் செய்தால் எடுக்கவே எடுக்காத மனுஷன், இன்றைக்கு அவள் ஆடி முடித்த மறுநொடியே காய் நகர்த்திக்கொண்டிருந்தார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் இப்படியொரு கரிசனத்தை அவள் கண்டதில்லை. டீக்கு இறங்கியிருப்பார் என்று நினைத்து, துவைத்த துணி வாளியிலேயே கிடக்க, அவரோடு மல்லுக்கட்டினாள்.

அந்த நேரம் பார்த்துத் தம்பி கூப்பிட்டான். அதே கிரேனுக்குக் கீழே நின்று சைகை காட்டுவதுதான் அவன் வேலை.

"அக்கா, மாமாவுக்கு உடம்பு கிடம்பு சரியில்லையா? இரும்புத் தூண் எங்க தலைக்கு மேல தொங்குது. நானும் கையக் காட்டிக் காட்டி ஓஞ்சு போயிட்டேன். திடீர்னு இறக்குறாரு, திடீர்னு நிறுத்துறாரு."

அவள் "டேய், அங்க நிக்காத, தள்ளிப் போடா!" என்று கத்தினாள். மெஷின் இரைச்சலில் அது அவன் காதில் விழவில்லை.

"சரிக்கா, இதோ மறுபடி இறக்குறாரு," என்று வைத்துவிட்டான்.

திரையில் அவள் முறை வந்து நின்றது. ஆடினால் மேலே அவர் போன் சிணுங்கும், குனிந்து பார்ப்பார். கூப்பிட்டாலும் அதே கதிதான். ஆடாமல் இருந்தால் போதும் என்று போனைக் கவிழ்த்து வைத்து, சூடு பட்டவள் போலக் கையை இழுத்துக்கொண்டாள்.

போன் அதிர்ந்தது. திருப்பிப் பார்த்தாள். புருஷன் எழுதியிருந்தார்:

"என்னடி, பயந்துட்டியா?"