வினிகர் சேராத சாஸ்

1

இந்தக் கதை என் சமையலறை அலமாரியில் பிறந்தது. நானே செய்த மிளகாய் சாஸ் பாட்டிலின் மூடி ஒருநாள் காலையில் உப்பியிருந்தது. கொட்டிவிட்டேன். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. பயம் மட்டும் போகவில்லை. அதைத்தான் ஒரு லிஃப்ட் மெக்கானிக் தலையில் கட்டுகிறேன்.

முதலில் எழுதிய தொடக்கம்: "பழுத்த பப்பாளியின் மணம் வீடெங்கும்..."

(வேண்டாம். இது பயந்தவனின் கதை. மணத்தில் தொடங்கினால் நீங்கள் சாப்பிட உட்கார்ந்துவிடுவீர்கள்.)

2

மெக்கானிக் எந்த நட்டையும் இரண்டு முறை முறுக்கிப் பார்ப்பவன். பத்து நாளுக்கு முன் பப்பாளி, சிவப்பு மிளகாய், பூண்டு எல்லாம் வேகவைத்து அரைத்து நான்கு பாட்டிலில் அடைத்தான். ஒன்று தனக்கு. இரண்டு வேலையிடத்து நண்பர்களுக்கு. நான்காவதை நேற்றுக் காலை, இரண்டு வருஷமாகப் பேசாத அக்காவுக்கு அத்தான் கையில் கொடுத்தனுப்பினான். நேரில் போகத் தைரியமில்லை.

இன்று காலை தன் பாட்டிலைத் திறந்தான். மூடி புஸ்ஸென்று எழும்பியது. அடுப்புக்குப் பின்னால் வினிகர் பாட்டில், சீல் உடைக்காமல்.

(இப்படிப்பட்டவன் வினிகரை மறப்பானா? எனக்கே சந்தேகம்தான். ஆனால் அன்று அவன் மனசு அடுப்பில் இல்லை. அக்காவுக்கு ஒரு சீட்டு எழுதி எழுதிக் கிழித்துக்கொண்டிருந்தான்.)

புளிப்பில்லாமல் இறுக்கி அடைத்ததில் விஷம் ஊறலாம் என்று அவனுக்குத் தெரியும். முதலில் நண்பர்களைப் போனில் கூப்பிட்டான். இருவரும் பாட்டிலைத் திறக்கவேயில்லை. அப்புறம்தான் அக்கா வீடு. அத்தான் எடுத்தார்.

"அத்தான், அந்த சாஸ்..."

"நேத்து மதியமே தொறந்துட்டாப்பா. எனக்குக் காரம் ஆகாது, அவ மட்டும்தான் சாப்பிட்டா. நல்லா இருக்குன்னா. உங்கிட்ட சொல்லக் கூடாதுன்னும் சொன்னா."

"இப்ப எப்படி இருக்கா?"

"கண்ணு என்னமோ பண்ணுதுன்னு படுத்திருக்கா. ஏன்?"

அவன் தெருவில் ஓடிய வேகம், செருப்பறுந்த...

(அடித்துவிட்டேன். ஓடினான். போதும்.)

3

மருத்துவமனையில் டாக்டரம்மா சொன்னார்: "ரத்தம் எடுத்திருக்கோம், முடிவு வர நாளாகும். அதுவரைக்கும் பக்கத்துலயே இருங்க. ரெண்டு ரெண்டா தெரியுதா, இமை தொங்குதா, பேச்சு குழறுதான்னு பாருங்க. அவங்கள பேச வெச்சுட்டே இருங்க."*

"இவன்கிட்டயா?" என்றாள் அக்கா.

"பேசுக்கா. திட்டவாவது செய்."

அவள் கூரையைப் பார்த்தாள். "எத்தனை பேருக்குக் குடுத்த?"

"உன்னைச் சேத்து மூணு."

"மத்தவங்களுக்குச் சொல்லிட்டியா?"

"சொல்லிட்டேன்."

"எனக்கு முன்னாடியா?"

அவன் கட்டில் கம்பியின் நட்டை முறுக்கிப் பார்த்தான்.

"அம்மா போனப்பவும் இப்படித்தான். ஊருக்கெல்லாம் சொல்லிட்டு, எனக்குக் கடைசியா சொன்ன."

"உங்கிட்ட சொல்லத்தான்கா எனக்குப் பயம். அன்னிக்கும் இன்னிக்கும்."

அவள் இமை மெல்லத் தாழ்ந்தது. அழுகையா, விஷமா? அவன் அவள் முகத்தருகே குனிந்தான். கையை நீட்டினான்.

"எத்தனை விரல்கா?"

* டாக்டர்கள் இதைவிட மென்மையாகப் பேசுவார்கள். அவசரம் என்னுடையது.

4

இரண்டு முடிவுகள் எழுதினேன். ஒன்றில் அக்கா சிரிக்கிறாள்: "மிளகா பட்ட கையால கண்ணத் தேச்சுட்டேன்டா." படித்துப் பார்த்தேன். உங்களை ஏமாற்றுவதுபோல் இருந்தது. இன்னொன்றில் 'தம்பி' என்ற சொல்லே அவள் வாயில் குழறுகிறது, நர்ஸ் ஓடி...

அதை முடிக்கக் கை வரவில்லை.

டாக்டர் சொன்ன ரத்த முடிவும் இன்னும் வரவில்லை. என்னால் அந்த அறையில் உட்கார முடியவில்லை, எழுந்துவிட்டேன். நாற்காலி காலியாக இருக்கிறது, நீங்கள் உட்காருங்கள். அவன் விரல்கள் இன்னும் நீட்டியபடி இருக்கின்றன. அக்கா வாயைத் திறக்கிறாள். வருகிற முதல் வார்த்தை தெளிவாக இருக்கிறதா என்று நீங்களே காது கொடுத்துக் கேளுங்கள்.