மேல் மதகின் மறுமொழி

கருமுகில் கவிந்து மலைமுகடுகளை மறைத்து, நீர்த்தேக்கத்தின் அகன்ற பரப்பையெல்லாம் ஈயநிறமாக்கியிருந்த ஒரு முற்பகலில், அணையடிவாரத்து அலுவலகத்தில் மணி பத்தடிக்க, தொலைபேசிப் பணிமகள் வழக்கம்போல் எண்களைச் சுழற்றினாள். மலைமேல் மதகைத் தன்னந்தனியே காக்கும் காவலனை நாள்தோறும் அழைத்து, அவன் நலமறிந்து, பதிவேட்டில் குறியிடுவது அவள் கடமை. மறுமொழி வாராவிடின் அக்கணமே ஆளனுப்ப வேண்டும்.

"இருக்கீங்களா?"

"இருக்கேன்."

நான்காண்டுகளாக அவர்கள் பேசியது இவ்வளவே, அன்பரே! முகமறியாத இருவர் இதற்குமேல் பேசித்தான் என்ன வாரிக்கொள்ளப் போகிறார்கள்? மாலையில் வீடு திரும்பினால் அவளைக் கேட்பாரும் இல்லை. அன்றும் மறுமொழி செவியில் விழக் குறியிட்டாள்.

அவ்வேளை கதவைத் தள்ளிக்கொண்டு, சேறு படிந்த மேனியும் கந்தல் சுற்றிய காலுமாய், சுவரைப் பற்றியபடி ஒருவன் வந்து நாற்காலியில் சரிந்தான்.

"யாருங்க நீங்க?"

"மேல் மதகுக் காவல்காரன்மா. படியில வழுக்கிக் கால் ஒடிஞ்சுபோச்சு. லைனும் அறுந்துகெடக்கு. பதில் வரலன்னா ஆள் வருவாங்கன்னு மூணு நாளாப் பாத்துக்கிட்டே கெடந்தேன். ஒரு ஈ காக்கா எட்டிப் பாக்கல! கடைசில தவழ்ந்தே இறங்கினேன்."

குரல் அதே குரல். அவள் பதிவேட்டைப் புரட்டினாள். மூன்று நாளும் தன் கையாலிட்ட குறிகள் பிழையின்றி நின்றன. நான்காவதன் மை இன்னும் உலரவில்லை.

"பதில் சொன்னீங்களே! என் காதால கேட்டேங்க!"

"நல்லாருக்கே கதை! நான் எங்கம்மா சொன்னேன்?"

மெய்ப்பிக்கும் பதற்றத்தில் மீண்டும் அழைத்தாள். "இருக்கீங்களா?" அறுந்த கம்பியில் இரைச்சல்கூட இல்லை. ஆயினும் அறையில் மறுமொழி எழுந்தது.

"இருக்கேன்."

தாழ்ந்து, சற்றே கரகரத்த அவனுடைய குரல். காவலனோ வாய் திறக்கவில்லை. வெளிறிய முகத்தோடு அவளுடைய உதடுகளையே நோக்கிக்கொண்டிருந்தான். அவள் கை தானாகவே எழுதுகோலை நாடியது.

"அம்மா... எனக்கும் சேத்து நீங்களே பேசிக்கிட்டிருந்தீங்களா?"

தொலைபேசி கையினின்று நழுவியது. ஒரே சொல்லை நெடுநாள் துணையாய்ப் பற்றி வாழ்வோர்க்கு, அதைச் சொல்லும் ஆளே வேண்டாதுபோகும் நாளும் வந்துவிடும் போலும்! அவமானமும் அச்சமும் மேலிட, வண்டி கொணரும்படி அடுத்த அறைக்குக் கூவிவிட்டு, அவன் காலருகே மண்டியிட்டாள்.

"ரொம்ப வலிக்குதா?"

இதற்கு என்ன விடை வரும் என்று அவளுக்குத் தெரியாது. அவன் வாய் திறக்கும்வரை, தன் உதடுகளை இறுக மூடிக்கொண்டு காத்திருந்தாள்.