தசரதனை வெட்டலாமா?

1

இந்தக் கதை ஒரு கல்யாண கேசட்டில் பிறந்தது என்றால் நம்பமாட்டீர்கள். அதனால் கொஞ்சம் கௌரவமாகவே தொடங்கிப் பார்த்தேன்: ‘பாரிஸில் பனி பெய்துகொண்டிருந்தது. படத்தொகுப்பாளர் மதிவதனி தன் மேல்கோட்டை…’ வேண்டாம். நான் பாரிஸ் போனதில்லை. மார்கழியில் செங்கம் ரோட்டில் பார்த்த பனி கணக்கில் வராது.

கேசட்டுக்கே வருகிறேன். 1989, திருவண்ணாமலையில் ஒரு வீடியோ கடை. வேலைக்குச் சேர்ந்த மதிவதனி, முதல் கல்யாண கேசட்டிலேயே கொட்டாவி விட்ட ஒருவரை வெட்டி எறிந்தாள். அவர் மாப்பிள்ளையின் தாய்மாமன். மறுநாள் கடை வாசலில் வேன் நிறைய சொந்தக்காரர்கள்.

“எவ்ளோ வேணா கம்மி பண்ணும்மா, ஆளையே தூக்கிடாத,” என்றார் முதலாளி சகாதேவன்.

2

அந்தப் பயத்தோடுதான் அவள் சென்னை போனாள், பிறகு பாரிஸ் போனாள். ஈரான் படம், போலந்து படம், பெயர் வாயில் நுழையாத ஊர்ப் படம் எல்லாம் தொகுத்தாள். எதிலும் ஒரு முகம்கூட விடுபடாது. விமரிசகர்கள் அதற்குப் பெரிய பெயர் வைத்தார்கள். (தாய்மாமன் சங்கதி அவர்களுக்குத் தெரியாது.)

3

2003. ஈவா என்ற ஹங்கேரிய இயக்குநர் கார்த்திகை தீபத்தைப் படமெடுக்கத் திருவண்ணாமலைக்கு வந்தார். தொகுக்கப்போவது மதிவதனி. படக்குழுவுக்கு ஆட்டோ ஓட்டியவர் அவள் அப்பா தசரதன். (ரொம்ப வசதியான தற்செயல் என்கிறீர்களா? அவள்தான் சிபாரிசு செய்தாள். ஓட்டையை அடைத்துவிட்டேன்.)

பாரிஸில் உட்கார்ந்து அந்தக் காட்சியைப் பார்க்கிறாள். மலையுச்சியில் தீபம் தெரிகிறது. கூட்டம் கைகூப்புகிறது. ஒரே ஒருவர் மட்டும் மலைக்கு முதுகைக் காட்டி, கேமராவைப் பார்த்துக் கேட்கிறார்:

“மதி, சாப்ட்டியாம்மா?”

அவளுக்கு முதலில் சிரிப்பு வந்தது. பிறகு அந்த இடத்தைத் திருப்பி ஓட்டி, மறுபடி கேட்டாள்.

“தீபத்தோடு நிறுத்து. அந்த ஆள் காட்சியைக் கெடுக்கிறார். இல்லையென்றால் வேறு ஆளைப் பார்த்துக்கொள்கிறேன்,” என்றார் ஈவா.

தசரதனோ போனில், “நான் படத்துல வர்றேன்னு நம்மூரு வேங்கிக்கால் பூரா சொல்லிட்டேன்மா. தூக்கிட மாட்டியே?”

4

முடிவு ஒன்று: வெட்டினாள். படம் பரிசு வாங்கியது. ஊரில் திரையிட்டபோது முதல் வரிசையில் தசரதன்… (எழுத மனசு வரவில்லை.)

முடிவு இரண்டு: வெட்டவில்லை. ஈவா அவளை நீக்கிவிட்டு, வேறு ஆளை வைத்துத் தசரதனை வெட்டினார். (இது இன்னும் மோசம்.)

முந்தைய வரைவில் தசரதனை நானே வெட்டிப் பார்த்தேன். கதை வேகமாக ஓடியது. ஓடி எங்கும் போய்ச் சேரவில்லை.

இனி நீங்கள் பாருங்கள். திரையில் அப்பா நிற்கிறார், அவள் விரல் பொத்தான்மேல் இருக்கிறது. நீங்கள் சொல்வதை அவள் செய்வாள். அதற்குமுன் ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன்: காலையிலிருந்து அவள் இன்னும் சாப்பிடவில்லை.