இரண்டு முறை கடித்த கேக்

ஊமைப்படத்தில் நடிப்பவர்களுக்குக் காது நன்றாகக் கேட்க வேண்டும். கேமரா சுற்றும்போது டைரக்டர் ஓயாமல் கத்திக்கொண்டே இருப்பார். எங்கள் பார்னி டூலன் கத்துவதில் பாதி பொய். "டில்டா, உன் பாவாடையில தீ! பின்னாடி பாம்பு!" முகம் நிஜமாக மாற வேண்டுமாம். முதல் வருஷம் நன்றாக ஏமாந்தேன். அப்புறம் அவர் எதைச் சொன்னாலும் காட்சிக்கு வேண்டிய முகத்தை மட்டும் கொடுக்கப் பழகிக்கொண்டேன். ஈடன்டேல் ஸ்டுடியோக்களில் அதற்குத் திறமை என்று பெயர்.

ஏணி, மாடிப்படி, ஓடும் கார் என்று நான் விழாத இடமில்லை. நான்கு வருஷம் விழுந்தும் போஸ்டரில் என் பெயர் வரவில்லை.

என் தங்கை சிக்னே பக்கத்து ஊரான மன்ரோவியாவில் காசநோய் ஆஸ்பத்திரியில் கிடந்தாள். எனக்கு அவளை விட்டால் யாருமில்லை. ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் நர்ஸ் போன் செய்து, உடனே வந்தால் பார்க்கலாம் என்றாள். நேராகப் பார்னியிடம் போய் நின்றேன்.

"ஒரே ஒரு ஷாட்டும்மா. வெயில் போயிட்டா இன்னிக்கு வேலை போச்சு. முடிச்சுட்டு நானே கார்ல கொண்டுபோய் விடறேன்."

"சத்தியமா?"

"என்னை என்னன்னு நினைச்சே?"

புளுகன் என்றுதான் நினைத்தேன். ஆனாலும் போய் மணப்பெண் உடையை மாட்டிக்கொண்டேன்.

மாப்பிள்ளை ஓடிப்போன செய்தியைக் கேட்கும் காட்சி. என் கையில் கல்யாணக் கேக். கேமராக்காரர் எல்மர் கைப்பிடியைச் சுற்ற ஆரம்பித்தார். அப்போது ஆபீஸ் டைப்பிஸ்ட் ஓடிவந்து பார்னியின் காதில் ஏதோ சொன்னாள். கார் தயாராகிவிட்டது என்று நினைத்துக்கொண்டேன்.

"டில்டா," என்றார் பார்னி. கத்தவில்லை. "உன் தங்கச்சி போயிட்டாம்மா."

இதையும் விட்டுவைக்கவில்லையே இந்த மனுஷன் என்று எரிச்சல் வந்தது. மெதுவாக இமைத்தேன். செய்தி வேறு யாருக்கோ என்பதுபோல் பின்னால் திரும்பிப் பார்த்தேன். மறுபடி முன்னால் திரும்பி, கேக்கை ஒரு கடி கடித்தேன். செட் போடும் தச்சர்கள்கூடச் சுத்தியலைப் போட்டுவிட்டுச் சிரித்தார்கள். பார்னி மட்டும் சிரிக்கவில்லை. அதைப் பார்த்துத்தான் எனக்குப் புரிந்தது.

"நிஜமாவா?"

"இப்பதான் போன் வந்துச்சு. எப்படிச் சொல்றதுன்னு தெரியலம்மா. கேமரா ஓடினாத்தான் எனக்கு வாயே வருது."

எல்மர் கேமராவைத் திறந்து பார்த்துவிட்டுத் தொண்டையைச் செருமினார். "உள்ள முடி ஒண்ணு சிக்கியிருக்கு. படத்துல தெரியுமோ என்னமோ. இன்னொரு தடவை எடுத்தா நல்லது."

"வாயை மூடுய்யா. அவ கிளம்பட்டும்," என்றார் பார்னி, கண் வெயிலின் மேல் இருக்க.

"வேற கேக் கொண்டாங்க," என்றேன்.

இனிமேல் அவசரம் என்ன என்று தோன்றியது. அதைத் தவிர ஒன்றும் தோன்றவில்லை. அழுகை வரும் என்று பார்த்தேன், வரவில்லை. இமைத்தேன், திரும்பினேன், கடித்தேன். கேக்கில் சர்க்கரை அதிகம். இந்த முறை யாரும் சிரிக்கவில்லை. பார்னி கார் கதவைத் திறந்துவிட்டார்.

அந்த முகம்தான் என்னைத் தூக்கிவிட்டது. போஸ்டரில் பெயர் வந்தது. அடுத்த பத்து வருஷம் எல்லாப் படத்திலும் ஏதாவது ஒரு கெட்ட செய்தியைக் கேட்டுப் பின்னால் திரும்பினேன். கடைத்தெருவில், "டில்டா, ஒரே ஒரு தடவை திரும்புங்களேன்!" என்பார்கள். திரும்புவேன். பேசும்படம் வந்ததும் கேட்பதை விட்டுவிட்டார்கள்.

இரண்டில் எதைப் படத்தில் சேர்த்தீர்கள் என்று பார்னியிடம் ஒருமுறை கேட்டேன். "ரெண்டும் ஒரே மாதிரி இருந்துச்சு. கைக்கு வந்ததை ஒட்டச் சொன்னேன்," என்றார்.

பொய்யாக இருக்கும் என்று தியேட்டருக்குப் போய் ஆறு தடவை பார்த்தேன். சிக்னே போய்விட்டாள் என்று நம்பாத முகம் ஒன்று, தெரிந்த முகம் ஒன்று. சுற்றிலும் எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். திரையில் இருந்தது எந்த முகம் என்று என்னாலேயே சொல்ல முடியவில்லை.