பெரிய எழுத்து

ஆயிரத்து எண்ணூற்று நாற்பது ரூபாய். அச்சகத்தில் சுமை இறக்கும் அவர், மூக்குக்கண்ணாடிக்காக முதலாளியம்மாவிடம் வாங்கிய கடன் அது. ஐம்பது தாண்டி எழுத்துப் படிக்க உட்கார்ந்த மனுஷனுக்கு, எழுத்துக்கு முன்னால் கண் மக்கர் பண்ணியது. தமிழை மனைவி சொல்லிக்கொடுத்தாள். ஆங்கிலத்தைக் காகிதக் கட்டுகளில் ஒட்டியிருக்கும் சீட்டுகளிலிருந்து அவராகவே பொறுக்கிக்கொண்டார். சீட்டில் எல்லாமே பெரிய எழுத்து. அதனால் பெரிய எழுத்து மட்டும்தான் அவருக்குப் பிடிபடும். சின்ன எழுத்தெல்லாம் எறும்பு வரிசை. ஒவ்வொரு கட்டை இறக்கியதும் இடுப்பைப் பிடித்துக்கொண்டு சீட்டை வாய்விட்டுப் படிப்பார். அச்சகத்தில் அவருக்கு எழுத்துக்கூட்டி என்றே பெயர்.

அன்று காலை இருபதாவது கட்டை இறக்கிவிட்டுத் தண்ணீர் குடிக்க உள்ளே போனபோது, முதலாளியம்மாவின் மருமகன் கணினி முன்னால் தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தான். பட வேலையெல்லாம் அவன் பொறுப்பு. ஒரு பள்ளிக்கூடத்துக்கு முந்நூறு அடையாள அட்டை, சாயங்காலம் நாலு மணிக்குள் போயாக வேண்டும். இந்த வேலை கைநழுவினால் அடுத்த மாதத்திலிருந்து சுமை இறக்கத் தனியாக ஆள் வைக்க முடியாது என்று முதலாளியம்மா பட்டும் படாமலும் சொல்லியிருந்தார். எழுத்துக்கூட்டிக்கு நன்றாகவே பட்டிருந்தது.

படம் திருத்தும் மென்பொருள் திறக்கவில்லை. அட்டை வடிவமைப்பதும் திறக்கவில்லை. ஸ்கேனருக்கானதும் அப்படியே. ஒவ்வொன்றையும் தொட்டதும் சின்னதாக ஒரு கட்டம் வந்து ஆங்கிலத்தில் ஏதோ சொல்லும். மருமகன் படிக்காமலே படக்கென்று மூடுவான். வேகமாகப் படிக்கத் தெரிந்தவர்களின் பழக்கம் அது. வைரஸாகத்தான் இருக்கும், எல்லாவற்றையும் அழித்துப் புதிதாக ஏற்றணும், இரண்டு நாளாகும் என்று மாமியார் காதில் விழாதபடி முனகினான்.

"தம்பி, மூடாதீங்க. நான் இன்னும் படிச்சு முடிக்கல."

"அண்ணே, நீங்க படிச்சு முடிக்கிறதுக்குள்ள அந்தப் பசங்க காலேஜுக்கே போயிடுவாங்க."

சொன்னானே தவிர, கையை எடுத்துவிட்டான். எறும்புகளுக்கு நடுவில் சில பெரிய எழுத்துகள் மட்டும் கட்டுச் சீட்டு மாதிரி பளிச்சென்று நின்றன. எழுத்துக்கூட்டி காதிலிருந்த பென்சிலை எடுத்து ஒரு சீட்டின் பின்பக்கம் எழுதினார். பி, எக்ஸ், எல், நாலு, ஒரு புள்ளி, டி, அப்புறம் இரட்டைப் பிள்ளை போல இரண்டு எல். அடுத்ததைத் திறக்கச் சொன்னார். எழுதினார். மூன்றாவதையும் எழுதினார்.

"மூணு பேரும் ஒரே ஆளைத்தான் தேடுறாங்க, தம்பி."

மருமகன் சீட்டைப் பிடுங்கிப் பார்த்தான். மூன்று கட்டமும் காணோம் என்று சொன்னது ஒரே கோப்பைத்தான். நேற்று கணினியில் இடம் போதவில்லை என்று பழைய படமென்பொருள் ஒன்றைத் தூக்கியிருக்கிறான். தூக்கும்போது, இந்தக் கோப்பை மற்றவர்களும் பயன்படுத்தலாம், இதையும் எடுக்கவா என்று அது மரியாதையாகக் கேட்டிருக்கிறது. அதையும் படிக்காமல் சரி சரி என்று தட்டியிருக்கிறான். படத்தை விரித்துக் காட்டும் வேலையை ஒவ்வொரு மென்பொருளும் தனித்தனியாக வைத்துக்கொள்ளாதாம்; பொதுவாக ஒரு கோப்பு இருந்து எல்லோருக்கும் செய்துகொடுக்குமாம். 

எழுத்துக்கூட்டிக்கு உடனே விளங்கிவிட்டது.

"பக்கத்துல இருந்த பைண்டிங்காரங்க கடையைக் காலி பண்ணப்போ, எல்லாருக்கும் பொதுவா இருந்த தள்ளுவண்டியையும் சேத்து ஏத்திட்டுப் போனாங்களே, அதானே? நாலு நாள் என் தோள்பட்டை கழண்டுபோச்சு."

"அதேதான்ணே."

"அப்ப போனவனையே கூப்பிடுங்க. வண்டியோட வருவான்."

பழைய மென்பொருளின் வட்டு, மேசை மேல் டீ கிளாஸுக்கு அடியில் தட்டாகக் கிடந்தது. துடைத்துப் போட்டார்கள். பச்சைக் கோடு நத்தையாக நகர்ந்தது. முடிந்ததும் முதல் மென்பொருள் திறந்து, முன்பல் விழுந்த ஒரு சின்னப் பெண் திரை முழுக்கச் சிரித்தாள். அடுத்ததும் திறந்தது. மூன்றாவதும் திறந்தபோது மருமகன் நாற்காலியோடு ஒரு சுற்றுச் சுற்றினான்.

மூன்றரை மணிக்கே முந்நூறு அட்டைகளும் பெட்டியில் ஏறின. நடந்ததை மருமகன் மாமியாரிடம் ஒளிக்காமல் சொன்னான், தான் தட்டிய 'சரி சரி' உட்பட. முதலாளியம்மா அவனை ஒரு பார்வை பார்த்தார். பிறகு கணக்கு நோட்டை எடுத்து, ஆயிரத்து எண்ணூற்று நாற்பதின் மேல் ஒரு கோடு இழுத்து, பக்கத்தில் ஒரே ஒரு வார்த்தை எழுதி, நோட்டைத் திருப்பி வைத்தார்.

"நீங்களே படிங்க."

எழுத்துக்கூட்டி கண்ணாடியைச் சட்டை நுனியில் துடைத்து மாட்டிக்கொண்டார். விரலை வைத்தார்.

"தீ... ர்..."

மிச்சத்தைச் சொல்ல மருமகன் வாயைத் திறந்தான், மூடிக்கொண்டான். யாரோ இயந்திரத்தை நிறுத்தினார்கள். விரல் அடுத்த எழுத்துக்கு நகரும்வரை அச்சகமே காத்து நின்றது.