கிருபை கையெழுத்துப் போடாத அட்டை

1.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதை எனக்குத் தோன்றியதல்ல. ஆர்டரின் பேரில் எழுதுவது. தூத்துக்குடியில் ‘முத்துக்கரை டயக்னாஸ்டிக்ஸ்’ என்றொரு சின்ன பயோடெக் கம்பெனி. அதன் முதலாளி ரோச், பத்தாமாண்டு மலருக்குக் கம்பெனி வரலாறு கேட்டார்.

“பெருசா ஒண்ணும் வேண்டாம் சார். படிக்கிறவன் கண்ணுல தண்ணி வரணும், அவ்வளவுதான்.”

வரைவு ஒன்று: ‘கடலலைகள் தாலாட்டும் முத்துநகரில் ஒரு கனவு கண்விழித்தபோது...’

(மன்னிக்கவும். வேறு மாதிரி தொடங்குகிறேன்.)

2.

கிருபை சாயர்புரத்துக்காரி. இறால் ஏற்றுமதிக் கம்பெனி ஒன்றின் ஆய்வகத்தில் வேலை. பண்ணை இறாலுக்கு நோய் வராமலிருக்க, தடைசெய்த ஆன்டிபயாடிக்கைச் சிலர் தீவனத்தில் கலப்பார்கள். அதன் மிச்சம் அகப்பட்டால் ஐரோப்பாவிலிருந்து கன்டெய்னரே திரும்பி வரும். சாம்பிளை வெளியூருக்கு அனுப்பி முடிவு தெரிய ஐந்து நாள் ஆகும். அதைக் கால்மணி நேரத்தில் சொல்லும் ஒரு அட்டையைச் செய்ய முடியும் என்று கிருபை நம்பினாள். அங்கே தெர்மகோல் பெட்டி விற்க வந்த ரோச், அவளை நம்பினார்.

[இந்த ரோச்சை எனக்குப் பிடிக்கும். அடுத்த பக்கத்தில் அவரை என்ன செய்வது என்றுதான் தெரியவில்லை.]

2015இல், மூடிப்போன ஒரு பியூட்டி பார்லரில் ஆய்வகம் தொடங்கினார்கள். மலரில் இது ‘நவீன வளாகம்’. உப்புக்காற்றின் ஈரத்தில் அட்டைகள் ஒரே வாரத்தில் கெட்டுப்போயின. கிருபை செருப்புக்கடை செருப்புக்கடையாக ஏறி, பெட்டிக்குள் கிடக்கும் ஈரம் உறிஞ்சும் பொட்டலங்களைக் கேட்டு வாங்கிவந்தாள். மலரில் இது ‘தொடர் ஆராய்ச்சி’. மூன்று வருஷம் கழித்து அட்டை வேலை செய்தது. இறால் சாற்றில் நனைத்து இரண்டு கோடு விழுந்தால் சுத்தம். ஒன்றே ஒன்று விழுந்தால் மருந்து இருக்கிறது.

3.

அறிமுக விழாவுக்குச் சிறப்பு விருந்தினர் முத்துச்செல்வம் அண்ணாச்சி, பெரிய ஏற்றுமதிக்காரர். மேடையில் சோதித்துக் காட்ட, தன் இறாலையே பெருமையாகக் கொண்டுவந்திருந்தார்.

ஒரு கோடு விழுந்தது. இன்னொரு அட்டை போட்டார்கள். அதிலும் ஒன்றுதான்.

“அட்டைக்கு மேடைக் கூச்சம் போல,” என்றார் அண்ணாச்சி. அரங்கமே கைதட்டியது.

மறுநாள் இருவரையும் கூப்பிட்டார். “சாமான் நல்லாத்தான் இருக்கு. கண்ணுதான் ரொம்பக் கூர்மை. கொஞ்சம் மங்க வைங்க, அம்புட்டையும் நானே எடுக்கேன்.”

“கண்ண மங்க வைக்கதுக்குப் பதிலா மருந்தக் கொறைக்கலாம்லா அண்ணாச்சி?” என்றாள் கிருபை.

திரும்பும் வழியில் ரோச் வெடித்தார். “ஏளா கிருபை, பன்னெண்டு பேரு நம்மள நம்பி வேலை செய்யுதாவ. அவங்களுக்கு என்ன சொல்ல?”

“நல்ல அட்டை செஞ்சோம்னு சொல்லுங்க, அண்ணே.”

“அத வாங்க ஆளு வேணும்லா?”

[ரோச்சின் இந்தக் கேள்விக்கு நான்கு வரைவுகளிலும் என்னால் பதில் எழுத முடியவில்லை.]

4.

கொஞ்சமாக இருக்கும் மருந்தைக் காட்டாத மங்கல் அட்டை வேறோர் ஆளை வைத்துத் தயாரானது. பெயர், ‘சாஃப்ட்’. தர ஆய்வு அதிகாரி என்ற முறையில் கிருபை கையெழுத்துப் போட்டால்தான் வெளியே போகும். அவள் போடவில்லை. “சரி, நிறுத்திட்டேன்,” என்றார் ரோச்.

எட்டாவது மாதம் முத்துச்செல்வத்தின் கன்டெய்னர் ஒன்று துறைமுகத்துக்குத் திரும்பி வந்தது. ‘சாஃப்ட்’ அட்டையில் சோதித்த இறால். அட்டையின் தரச் சான்றிதழில் ‘ஞா. கிருபை’ என்று தமிழில் கையெழுத்து. ஆபீஸ் தாள்களில் அவள் ஆங்கிலத்தில்தான் போடுவாள். தமிழில் போட்டது ஒரே ஒரு லீவு லெட்டரில்; சான்றிதழில் இருந்தது அதன் அச்சு அசல்.

விசாரணையில் கம்பெனி சொன்னது: தர ஆய்வு அதிகாரியின் கவனக்குறைவு. அவள் வெளியேற்றப்பட்டாள். அதன்பின் இந்தக் கரையில் எந்த ஆய்வகமும் அவளைச் சேர்க்கவில்லை.

5.

கிருபை இப்போது ஆத்தூரில் ஒற்றை அறையில் கிணற்றுத் தண்ணீர் சோதித்துக் கொடுக்கிறாள். பார்க்கப் போனேன்.

“அந்த லீவு எதுக்குன்னு தெரியுமா சார்? எங்கம்மா அடக்கத்துக்கு.”

நான் நோட்டை மூடிவிட்டேன். (பொய். எழுதிக்கொண்டேன்.)

6.

முடிவு அ, ரோச் கேட்டது: ‘சிறு தடங்கல்களைத் தாண்டி நிறுவனம் இன்று...’

முடிவு ஆ: விழா மேடையில் ரோச் மைக்கைப் பிடித்து, கண்ணீர் மல்க, ‘கிருபை, என்னை மன்னித்து...’ இந்த ஊரில் யாரும் இப்படிப் பேசமாட்டார்கள். அடித்துவிட்டேன்.

முடிவு இ: கிருபை ஒரு தியாகி. இதைப் போனில் அவளுக்கே படித்துக் காட்டினேன். முழுக்கக் கேட்டாள். பிறகு சொன்னாள்:

“என்னைய அப்படி எழுதாதீங்க சார். நிறுத்திட்டேன்னு அவரு சொன்ன மறுவாரமே, அந்த சாஃப்ட் பெட்டிகள வண்டில ஏத்துததை ஆபீஸ் மாடி ஜன்னல்ல நின்னு பாத்தேன். யாருட்டயும் கேக்கல. எட்டு மாசம் கேக்கல.”

இந்தக் கடைசி மூன்று வாக்கியங்களும் ரோச்சின் மலரில் பொருந்தாது. என் கதையிலும் பொருந்தவில்லை. திங்கட்கிழமை மலர் அச்சுக்குப் போகிறது. ரோச்சிடம் வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டேன்.

முடிவு எழுத எனக்குத் தகுதியில்லை. அவள் என்ன செய்தாள் என்பது தெரிந்துவிட்டது. இனி உங்கள் முறை. அந்த ஜன்னலில் நீங்கள் நின்றதாக வைத்துக்கொண்டு எழுதுங்கள். தொடக்கம் மட்டும் தருகிறேன்:

பெட்டிகளை ஏற்றிக்கொண்டு வண்டி கிளம்பியது. மாடி ஜன்னலில் நின்றிருந்த நான்