எட்டாவது மாடியில் போட்ட துண்டு

கற்பூரத்தை ஏற்றி, அதைக் கையால் அடித்து அணைத்துச் சொல்கிறேன்: இதில் ஒரு சொல் பொய்யானாலும் என் இரண்டு கண்ணும் அவிந்து போகட்டும். ஒரு கண்ணில் ஏற்கெனவே புரை விழுந்திருக்கிறது; அது வேறு விஷயம்.

மதுரை ரயில் நிலையத்துக்குக் கூப்பிடு தூரத்தில் நிற்கும் பன்னிரண்டு மாடி ஆபீஸ் கட்டடத்தில் முப்பத்தொரு வருடமாக நான்தான் லிஃப்ட்மேன். செல்லூர் நூல் வியாபாரி ஒருவர் எழுபத்து மூன்றில் கட்டியது. ஒரு தூணில்கூடப் பூவேலை கிடையாது. வெயிலை மறைக்க நெடுக சிமெண்டுப் பலகைகள், அவ்வளவுதான். திறப்பு விழாவன்று ஊரே வந்து அண்ணாந்து பார்த்துவிட்டு, "பூச்சு வேலையை எப்ப ஆரம்பிப்பீக?" என்று கேட்டுவிட்டுப் போனதாம்.

மாடிக்கு எண் எழுதும்போதுதான் வம்பு. எட்டு சனீஸ்வரன் எண், அந்த மாடிக்கு ஒருத்தனும் வாடகைக்கு வரமாட்டான் என்றார் ஜோசியர். முதலாளி ஏழுக்கு மேல் ஒன்பது என்று எழுதச் சொல்லிவிட்டார். லிஃப்டிலும் எட்டுக்குப் பொத்தான் இல்லை. ஏழாம் மாடிக் கூரைக்கும் ஒன்பதாம் மாடித் தரைக்கும் நடுவில் ஒரு சாண் கான்கிரீட்தான்.

போன ஆடியில் ஒருநாள், காலை பதினொரு மணி. மேலூரிலிருந்து மாயக்காள் என்ற அம்மாள் வந்து லிஃப்ட் கதவைப் பிடித்துக்கொண்டாள்.

"அண்ணே, எட்டாவது மாடிக்கு விடுங்க."

"எட்டே கிடையாது தாயி."

"நேத்து எம் மகன் காளை ஒரு கையெழுத்து வாங்க இங்கதான் வந்தான். எட்டாவது மாடியில உக்கார வச்சிருக்காகன்னு போன்ல சொன்னான். அம்புட்டுத்தான். அதுக்கப்புறம் லைனே போகல. ஒத்தப் புள்ளண்ணே."

இத்தனை வருடத்தில் நான் மேலே ஏற்றி, திரும்பக் கீழே இறக்காத ஆட்கள் சிலர் உண்டு. படி வழியாக இறங்கியிருப்பார்கள் என்று மனதைத் தேற்றிக்கொண்டு வந்தவன் நான்.

அவளை ஏற்றிக்கொண்டேன். ஏழைத் தாண்டியதும் கரண்ட் போய் லிஃப்ட் நின்றது. கதவைத் தள்ளினால், ஏழுமில்லை, ஒன்பதுமில்லை. நீளமான ஒரு வராந்தா. கரண்ட் இல்லாமலே மின்விசிறிகள் சுற்றின. காற்றுதான் வரவில்லை. சுவர்க் கடிகாரத்தில் ஒன்று பத்து. சுவரோரம் ஒரே பெஞ்சு, அதன் மறுகோடி கண்ணுக்கு எட்டவில்லை. நெடுக ஆட்கள், மடியில் மஞ்சள் பையோடு. தூரத்தில் இருந்தவர்களில் ஆள் எது, சுவர் எது என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை.

லிஃப்டை ஒட்டி ஒரு மேசை. அதன் பின்னால் இருந்த எழுத்தரைக் கிட்டப் போய் உற்றுப் பார்த்தேன். பிச்சுமணி! பத்தொன்பது வருடத்துக்கு முன்னால் நான் ஏற்றிவிட்டவர். அதே சட்டை. ஒரு மயிர்கூட நரைக்கவில்லை.

"ஆபீசர் சாப்பிடப் போயிருக்காரு. உக்காருங்க," என்றார்.

பெல்பாட்டம் போட்ட ஒருவன் என் கையைப் பிடித்தான். ஐஸ் மாதிரி விரல். "அண்ணே, எமர்ஜென்சி முடிஞ்சிருச்சா?"

பெஞ்சின் இந்தக் கோடியில், கடைசி ஆளாகக் காளை உட்கார்ந்திருந்தான். கண் இமைக்கவில்லை. செருப்பில்லாத அவன் கால் கட்டைவிரல் சிமெண்டு நிறத்தில் இருந்தது.

"எந்திரிடா, வீட்டுக்குப் போவோம்," என்று மாயக்காள் இழுத்தாள்.

"இரு ஆத்தா. எந்திரிச்சா இடம் போயிரும்."

நானும் சேர்ந்து இழுத்தேன். வேர்விட்ட புளியமரத்தை இழுப்பது போலிருந்தது. கட்டைவிரலில் இருந்த சிமெண்டு நிறம் எங்கள் கண் முன்னாலேயே கணுக்காலுக்கு ஏறியது. மாயக்காள் என் முகத்தைப் பார்த்தாள்.

அப்போதுதான் மாட்டுத்தாவணி பஸ் நிலையம் நினைவுக்கு வந்தது. இடம் போகாமல் இறங்க வேண்டுமானால் மதுரைக்காரன் என்ன செய்வான்? என் தோளில் கிடந்த சிவப்புத் துண்டை உருவி அவன் மடியோரம் போட்டேன்.

"இடம் போட்டாச்சு மாப்ள. எவனும் உக்கார மாட்டான். போயி ஒரு டீ குடிச்சிட்டு வா."

"அப்பச் சரி," என்று காளை சட்டென்று எழுந்துவிட்டான்.

பிச்சுமணி பேனாவைத் திறந்தார். "துண்டு யாரோடது?"

பயத்தில் என் சொந்தப் பெயரையே உளறிவிட்டேன். "முத்துக்கருப்பன்."

எழுதிக்கொண்டார். "சீக்கிரம் வந்துருங்க. இடம் உங்க பேருல இருக்கு."

கரண்ட் வந்தது. இறங்கிவிட்டோம். காளை கீழே இரண்டு டீ குடித்தான். கால் நிறம் திரும்ப மூன்று நாளானது. தாயும் மகனும் மேலூர் பஸ் ஏறினார்கள். மாட்டிக்கொண்டவன் நான்.

அன்றிலிருந்து ஏழுக்கும் ஒன்பதுக்கும் நடுவில் லிஃப்ட் கண் இமைக்கும் நேரம் நிற்கிறது. கதவிடுக்கில் என் சிவப்புத் துண்டு தெரிகிறது. பஸ்ஸில் நான் போட்ட துண்டை எத்தனையோ பேர் ஜன்னல் வழியே வீசியிருக்கிறார்கள். இதை மட்டும் ஒருத்தனும் தொடவில்லை. நேற்று மதியம் லிஃப்ட் நின்றது, நின்றபடியே இருந்தது. உள்ளே யாரோ நாற்காலியைப் பின்னால் தள்ளும் சத்தம். குழாயில் தண்ணீர் விழும் சத்தம். பிறகு இடுக்கு வழியே பிச்சுமணியின் குரல்:

"முத்துக்கருப்பண்ணே, வாங்க. ஆபீசர் கை கழுவிட்டாரு."

முத்துக்கருப்பன் சொன்னதைக் கேட்டுவிட்டு நான் நேரில் போய் எண்ணிப் பார்த்தேன்: அந்தக் கட்டடத்துக்கு மொத்தம் நான்கு மாடிகள்.